பஞ்சாங்கத்தைத் திருத்தும் உரிமை யாருக்கு?

கேள்வி இதுதான்: "அறிவியலும் மதமும் வரலாறு நெடுகச் சண்டை போட்டுக்கொண்டே வந்தன என்கிறார்கள். கலிலியோ கதையைத் தவிர வேறு உதாரணம் யாரும் சொல்வதில்லை. புதுச்சேரி, கடலூர்ப் பக்கம் ஏதாவது நடந்திருக்கிறதா? கல்லூரிக் கருத்தரங்கில் பேச வேண்டும்."

நிறையவே நடந்திருக்கிறது. ஆனால் அந்தச் 'சண்டை' என்ற சட்டகத்தை முதலில் கழற்றி வையுங்கள். அது 1874ல் ட்ரேப்பரும் 1896ல் ஒயிட்டும் அமெரிக்காவில் எழுதிய நூல்களால் பரவியது. வரலாற்றாசிரியர்கள் அதைக் கைவிட்டு வெகுகாலம் ஆகிறது. நம் கரையில் கிடைக்கும் ஆதாரங்களைப் பார்த்தால் வேறொரு படம் தெரியும். வானத்துக் கணக்கை நூற்றாண்டுக் கணக்கில் அழியாமல் காத்தது சடங்குதான். அந்தக் கணக்கு பழசாகிப் பிசகியபோது திருத்தவிடாமல் பிடித்து வைத்ததும் அதே சடங்குதான். தகராறு எப்போதும் 'தப்பு என்று சொல்ல நீ யார்?' என்ற இடத்தில் வந்து நிற்கும்.

முதலில் வெள்ளைக்காரர்களிடமிருந்து ஓர் உதாரணம். கடலூர் தேவனாம்பட்டினத்துப் புனித டேவிட் கோட்டை 1690ல் ஆங்கிலேயர் கைக்கு வந்தது. புதுச்சேரி பிரெஞ்சுக்காரருடையது. நடுவே 20 கிலோமீட்டர் சொச்சம். 1700 மார்ச் முதல் 1752 செப்டம்பர் வரை இந்த இரண்டு ஊருக்கும் தேதியில் 11 நாள் வித்தியாசம் இருந்தது. காரணம் ஈஸ்டர். பழைய ஜூலியன் ஆண்டு 365¼ நாள். உண்மையான பருவ ஆண்டைவிட இது ஏறத்தாழ 11 நிமிடம் நீளம். 16ஆம் நூற்றாண்டுக்குள் இளவேனில் சமநாள் மார்ச் 21லிருந்து 11க்கு நகர்ந்துவிட்டது. ஈஸ்டரைக் கணக்கிடுவது அந்த நாளை வைத்து. எனவே 1582ல் போப் 13ஆம் கிரிகோரி 10 நாளை வெட்டினார்: அக்டோபர் 4க்கு மறுநாள் அக்டோபர் 15. அந்தக் கணக்கை விளக்கி நிலைநாட்டியவர் கிளாவியுஸ் என்ற சேசு சபைப் பாதிரியார். கத்தோலிக்க நாடான பிரான்ஸ் அந்த ஆண்டே ஏற்றுக்கொண்டது. புராட்டஸ்டண்டு இங்கிலாந்து, முக்கியமாகப் போப் சொன்னார் என்ற காரணத்துக்காக 170 ஆண்டுகள் தள்ளிப்போட்டது. சரியான கணக்கைப் போட்டதும் மதம், அதை மறுத்ததும் மதம், இரண்டும் கிறிஸ்தவமே. இதை எந்தத் தட்டில் வைப்பீர்கள்?

அந்தக் கால ஆவணம் படிப்பவர்களுக்கு இது வெறும் சுவாரசியம் இல்லை, நிஜத் தலைவலி. சென்னை பிரெஞ்சுக்காரரிடம் விழுந்த நாள் புதுச்சேரித் தேதிப்படி 1746 செப்டம்பர் 21. ஆங்கிலேயர் கணக்கில் செப்டம்பர் 10. இரண்டும் புதன்கிழமை. கிழமை மட்டும் இரு தரப்புக்கும் ஒன்று, தமிழ்த் தேதியும் ஒன்று. எனவே இரண்டு பக்க ஆவணங்களைப் பொருத்தும்போது கிழமையை வைத்துத்தான் சரிபார்க்க வேண்டும். ஆனந்தரங்கப் பிள்ளை நாட்குறிப்பில் தமிழ்த் தேதி, கிழமை, பிரெஞ்சுத் தேதி மூன்றும் இருப்பது பெரிய உதவி. இன்னொரு பொறி: 1752க்கு முன் ஆங்கிலேயரின் சட்ட ஆண்டு மார்ச் 25ல் தொடங்கியது. கோட்டைக் கடிதத்தில் '1747 பிப்ரவரி' என்றிருந்தால் அது நமக்கு 1748.

பாதிரிமார் இங்கே வேதம் மட்டும் ஓதவில்லை. சயாமிலிருந்து கிளம்பிப் புதுச்சேரிக்கு வந்த ரிஷோ என்ற சேசு சபைத் துறவி, 1689 டிசம்பரில் ஒரு வால்நட்சத்திரத்தைப் பார்க்கும்போது ஆல்ஃபா சென்டாரி ஒற்றை நட்சத்திரம் இல்லை, இரட்டை என்று கண்டார். வானியல் வரலாற்றில் புதுச்சேரியின் பெயர் ஏறியது அப்படித்தான்.

ஆனால் உங்கள் கேள்விக்கு உண்மையான பதில் சோழிகளில் இருக்கிறது. இங்கே கொஞ்சம் நின்று பேசுகிறேன்.

1761ல் சூரியனை வெள்ளி கடப்பதைப் பார்க்கப் பிரெஞ்சு அரசு லெ ஜாந்தீல் என்ற வானியலாளரைப் புதுச்சேரிக்கு அனுப்பியது. அவர் வந்து சேருமுன் ஊர் ஆங்கிலேயரிடம் விழுந்துவிட்டது. ஆடும் கப்பலிலிருந்து பார்த்ததால் அளவீடு பயன்படவில்லை. அடுத்த கடப்பு 1769ல். அதுவரை கீழ்த்திசையிலேயே தங்கி, 1768 மார்ச்சில் புதுச்சேரிக்கு வந்து, இடிந்து கிடந்த ஆளுநர் மாளிகை மேல் வானாய்வு மேடை கட்டினார். 1769 ஜூன் 4 விடியற்காலை மேகம் மூடியது. எல்லாம் முடிந்த பிறகு வானம் வெளுத்தது. இந்தச் சோகக் கதையை எல்லோரும் சொல்வார்கள். எனக்கு முக்கியமாகப் படுவது அவர் இங்கே இருந்த நாளில் தமிழரிடம் கிரகணக் கணக்குக் கற்றுக்கொண்டது. முன்பே நடந்து முடிந்திருந்த 1765 ஆகஸ்ட் 30 சந்திர கிரகணத்தை ஒரு தமிழர் அவருக்குக் கணக்கிட்டுக் காட்டினார். கிரகணம் நீடித்த நேரத்தில் அந்தக் கணக்கு 41 வினாடி குறைவு. ஐரோப்பாவின் தலைசிறந்த டோபியாஸ் மேயரின் அட்டவணைப்படிப் பார்த்தால் 68 வினாடி அதிகம்.

அரை நூற்றாண்டு கழித்து, சென்னை வானாய்வகத்தை முன்பு நடத்திய ஜான் வாரன் புதுச்சேரியில் ஒரு பஞ்சாங்கக்காரரைச் சந்தித்தார். வாரன் எழுதிய எழுத்துக்கூட்டைச் சாமிநாதன் சேஷய்யா என்று நாம் படிக்கலாம். அவர் தரையில் சோழிகளைப் பரப்பி, மனப்பாடமாக வைத்திருந்த வாக்கியங்களை, அதாவது வானத்துக் கணக்கின் எண்களை ஒளித்து வைத்த சொற்றொடர்களை, சொல்லிக்கொண்டே, 1825 மே 31, ஜூன் 1 இரவின் சந்திர கிரகணத்தைக் கணித்தார். தொடக்கத்தில் 4 நிமிடம், நடுவில் 23 நிமிடம், முடிவில் 52 நிமிடம் பிசகு. சமூக ஊடகத்தில் அந்த 41 வினாடியை மட்டும் சுற்றுக்கு விடுகிறவர்கள் இந்த 52 நிமிடத்தைச் சொல்வதில்லை. ஒரே ஒரு கிரகணம் நன்றாக அமைந்ததை வைத்து ஒரு முறையை எடைபோடக் கூடாது.

கணக்கு எப்படி ஓடுகிறது என்று பார்த்தால்தான் பிசகு எங்கே என்று புரியும். முதல் படி கலி நாள்: கி.மு. 3102 பிப்ரவரி 18லிருந்து கழிந்த நாள்கள். 1825 மே 31 காலைக்கு அது 17,99,312. இதை 7ஆல் வகுத்தால் மீதி 4. கலி தொடங்கியது வெள்ளி; நாலு நாள் தள்ளினால் செவ்வாய். அன்று செவ்வாய்தான். கிழமை ஒத்துவராவிட்டால் எங்கோ ஒரு நாள் விட்டுப்போயிருக்கிறது, அதைச் சரிசெய்யாமல் மேலே போகக் கூடாது. அடுத்து 16,00,984ஐக் கழிக்க வேண்டும், மீதி 1,98,328. அதை 12,372ஆல் வகுத்தால் ஈவு 16, மீதி 376. அதில் 3,031 போகாது. 248 ஒருமுறை போகும், மீதி 128. எனவே அன்றைக்கு வேண்டியது 128ஆவது வாக்கியம்.

இந்த எண்கள் வானத்திலிருந்து குதித்தவை இல்லை. நிலவு ஒரு தடவை பூமிக்கு அதிக தூரத்தில் இருந்து மறுபடி அதே நிலைக்கு வர 27.55 நாள் ஆகும். 9 சுற்று ஏறக்குறைய 248 நாள். 110 சுற்று 3,031 நாள். 449 சுற்று 12,372 நாள். 248 நாளுக்கு நிலவின் இடத்தை ஒரு தடவை மனப்பாடம் செய்துவிட்டால், பிறகு எந்த நாளுக்கும் அதே பட்டியலைத் திருப்பித் திருப்பிப் பயன்படுத்தலாம். கழித்தோமே 16,00,984, அது கி.பி. 1282 மே 22ஐக் குறிக்கும். முறை எந்தக் காலத்தில் கடைசியாகச் சீர்செய்யப்பட்டது என்பதற்கு அதுவே முத்திரை.

பட்டியலை மனப்பாடம் செய்ய உதவுவது கடபயாதி என்ற எழுத்தெண் முறை. ஒவ்வொரு மெய்க்கும் ஓர் எண். சொல்லைப் பின்னிருந்து படிக்க வேண்டும். 'தேவர' என்றால் 8, 4, 2, திருப்பினால் 248. 'காலாநல' என்றால் 1, 3, 0, 3, திருப்பினால் 3031. முதல் நாள் வாக்கியம் 'கீர்ந: ஶ்ரேய:'. 3, 0, 2, 1. திருப்பினால் 12 பாகை 3 கலை (பாகை என்பது டிகிரி, அதில் அறுபதில் ஒன்று கலை, கலையில் அறுபதில் ஒன்று விகலை). அதாவது முதல் நாளில் நிலவு நகர்ந்த தூரம். கூட்டெழுத்தில் கடைசி மெய்யை மட்டுமே எண்ண வேண்டும், தனி உயிர்க்கு மதிப்பு பூஜ்யம். தமிழ் எழுத்தில் 'த' ஒன்றே நான்கு ஒலிக்கும் நிற்பதால், கிரந்தத்தில் எழுதிக் கற்காதவர் 6, 7, 8, 9ஐக் குழப்பிக்கொள்வார்.

பிறகு கூட்டல். தொடக்க துருவம், அதாவது கூட்டலைத் தொடங்கும் இடம், 212 பாகை 0 கலை 7 விகலை. ஒவ்வொரு 12,372க்கும் 297-48-10, ஒவ்வொரு 248க்கும் 27-44-6. நம் எடுத்துக்காட்டில் எல்லாம் சேர்த்து முழுச் சுற்றுகளைத் தள்ளினால் 324-34-53. அதோடு 128ஆவது வாக்கியத்தைக் கூட்டினால் காலை உதயத்தில் நிலவின் இடம். இதே பாணியில் சூரியனுக்கும் ராகுவுக்கும். இங்கே ராகு பாம்பு இல்லை. நிலவின் பாதை சூரியப் பாதையை வெட்டும் புள்ளி. சோழியில் ஒரு சங்கடம் உண்டு: அடுத்த படிக்குப் போகும்போது முந்தைய படி கலைந்துவிடும். நடுவில் தப்பினால் எங்கே தப்பியது என்று திரும்பிப் பார்க்க வழியில்லை, முதலிலிருந்து போட வேண்டும்.

பிசகுக்கு வருவோம். நிலவின் ஓட்டத்தில் பெரிய ஏற்றத்தாழ்வு ஒன்று 6 பாகைக்கு மேல். அதன் மேல் சூரிய ஈர்ப்பால் வருகிற இன்னொன்று 1¼ பாகைக்கு மேல். பௌர்ணமி, அமாவாசையில் இந்த இரண்டும் ஒன்றையொன்று குறைத்து 5 பாகையாக நிற்கும். நம் முன்னோர் அளந்து பார்த்தது கிரகணங்களை வைத்து. கிரகணம் வருவதும் பௌர்ணமி, அமாவாசையில்தான். அதனால் அவர்களுக்குக் கிடைத்த எண் 5. கிரகணத்துக்கு அது ஓரளவு தாங்கும். அஷ்டமி வாக்கில் அதே இரண்டும் கூடி 7½ பாகையாகிவிடும். வாக்கியக் கணக்கு அப்போதும் 5 என்றே நிற்கும். 2½ பாகைப் பிசகு என்றால் திதி முடிவில் 5 மணி நேரம். சடங்குக்கு எது அவசியமோ அதற்கு ஏற்பக் கணக்கு கூர்மையானது, மற்ற இடத்தில் மழுங்கலாகவே விடப்பட்டது.

வாரன் இன்னொன்றும் சொல்கிறார்: அந்தப் பஞ்சாங்கக்காரருக்கு இந்திய வானியல் கோட்பாடு எதுவும் தெரியாது, ஆனால் அபார நினைவாற்றல். இதைக் குறையாகப் படிக்காதீர்கள். ஆய்வகம் இல்லை, அரசு மானியம் இல்லை. கிரகணம் பிடிக்கும் நேரத்தில் கடலில் முழுக வேண்டும், விட்டதும் மறுபடி முழுக வேண்டும் என்ற தேவை மட்டும் இருந்தது. ஸ்பரிசம் (பிடிப்பது), மத்தியம் (நடு), மோட்சம் (விடுவது) என்று மூன்று நேரத்தைச் சொல்லத் தெரிந்தால் போதும். அந்தத் தேவை 1282ஆம் ஆண்டின் கணக்கை 1825 வரை ஓர் எண்கூடச் சிதையாமல் கொண்டுவந்தது. நியூகெபவர் என்ற கணித வரலாற்றறிஞர் 1952ல் இதை ஆராய்ந்து, இந்த 248 நாள் வித்தையின் வேர் பாபிலோனிய மரபு வரை போகிறது என்று காட்டினார். அதே வேளை, கோட்பாடு தெரியாத கையில் இருக்கும் கணக்கைத் திருத்த முடியாது. மனப்பாடம் காக்கும், திருத்தாது.

மதம் இருந்தால் திருத்தம் நடக்காது என்று இதிலிருந்து முடிவு கட்டிவிடாதீர்கள். மலை தாண்டிக் கேரளத்தில் அதே கோயில், அதே சாஸ்திரம். அங்கே பரமேசுவரர் நெடுங்காலம் கிரகணங்களைப் பார்த்து அளந்து 1431ல் திருக்கணிதத்தை, அதாவது கண்ணால் பார்ப்பதோடு ஒத்துப்போகும் கணக்கை, வகுத்தார். 1500 வாக்கில் நீலகண்டர் கிரகங்களின் கணித அமைப்பையே மாற்றினார். அங்கே குருபரம்பரைக்குள்ளேயே கோட்பாடும் கண்பார்வையும் சேர்ந்திருந்தன. திருத்துபவர் உள்ளூர் ஆள், சாஸ்திரம் படித்தவர். அதனால் திருத்தம் செல்லுபடியானது.

ராகு விஷயத்திலும் இந்த இரட்டை வாழ்க்கை பழசு. 499ல் ஆரியபடர் கிரகணம் நிழலால் வருகிறது என்று தெளிவாக எழுதினார். 628ல் பிரம்மகுப்தர், நிழலை வைத்தே கணக்குப் போடத் தெரிந்தவர், ராகுவை மறுத்ததற்காக ஆரியபடரைக் கண்டித்தார். 11ஆம் நூற்றாண்டில் இதைப் படித்த அல்பிரூனி என்ற இஸ்லாமிய அறிஞர், இவ்வளவு தெரிந்தவர் ஊருக்குப் பயந்து எழுதியிருக்கிறார் என்று வியந்தார். பயமா, நயமா, தெரிந்தே கட்டிய பாலமா என்பதை நீங்கள் தீர்மானியுங்கள். எனக்குப் பயமும் நயமும் கலந்ததாகத்தான் படுகிறது.

லெ ஜாந்தீல் தமிழரிடம் கற்றுக் கொண்டுபோன கணக்கு அட்டவணைக்குப் பாரிஸில் வேறு மறுபிறவி கிடைத்தது. 1787ல் பாயி என்ற பிரெஞ்சு வானியலாளர் அதையும் வேறு மூன்று இந்திய, சயாம் அட்டவணைகளையும் வைத்து, கி.மு. 3102ல் இந்தியர் வானத்தை நேரிலேயே பார்த்துக் குறித்தார்கள் என்று வாதாடினார். பைபிள் கணக்கில் பெருவெள்ளம் அதற்கும் 750 ஆண்டு பிந்தியது. உடனே விஷயம் வானியலைத் தாண்டி வேதாகமச் சண்டையாகிவிட்டது. கல்கத்தாவில் பென்ட்லி என்ற ஆங்கிலேயர் இந்திய வானியல் மிகப் பிந்தியது என்று நிறுவ முனைந்தார். வேதாகமக் காலக்கணக்கைக் காப்பதும் அவர் கவலைகளில் ஒன்று. பிரெஞ்சுக் கணித மேதை லாப்லாஸ் மட்டும் உணர்ச்சிவசப்படாமல், 3102 என்பது பின்னோக்கிக் கணக்கிட்டுப் பெற்ற தேதி, அன்று கிரகங்கள் உண்மையில் அப்படி ஒன்றுகூடவில்லை என்றார். அவர் சொன்னதுதான் நின்றது. வேடிக்கை என்னவென்றால், பாயி தோற்றாலும் அவர் முடிவை இன்றும் நம் மேடைகளில் கேட்கலாம்.

கலிலியோவைப் பற்றி ஒரு வரி போதும். 1633ல் அவருக்குத் தண்டனை. 1655ல் அதே திருச்சபையின் பொலோஞா ஆலயத் தரையில் காசினி என்ற வானியலாளர் 67 மீட்டர் நீளத்துக்குக் கோடு போட்டு, கூரைத் துளை வழியே விழும் சூரியப் பிம்பத்தை அளந்தார். ஈஸ்டருக்குத் துல்லியமான சமநாள் வேண்டுமே.

இன்றைய நிலவரத்துக்கு வந்தால் உதாரணம் புதுச்சேரி ஒன்றியப் பகுதிக்குள்ளேயே இருக்கிறது. காரைக்கால் திருநள்ளாறு கோயிலில் சனிப்பெயர்ச்சி, அந்தப் பழைய வாக்கியக் கணக்கில் ஓடும் வாக்கியப் பஞ்சாங்கப்படி. திருக்கணிதப்படி சனி கும்பத்துக்குப் போனது 2023 ஜனவரி 17. திருநள்ளாற்றில் விழா நடந்தது 2023 டிசம்பர் 20. அந்த டிசம்பர் நாளில் வானத்துச் சனி கும்பத்தில் ஏற்கெனவே ஏறக்குறைய 8 பாகை உள்ளே போயிருந்தது. முழுநிலவு அகலத்தில் 16 நிலவை வரிசையாக அடுக்கும் தூரம். அடுத்த பெயர்ச்சியிலும் இதே கதை: திருக்கணிதம் 2025 மார்ச் 29 என்றது, கோயில் தரப்பு 2026ல்தான் என்று அறிவித்தது.

திருத்த முயற்சி நடக்காமல் இல்லை. சென்னை வானாய்வகத்தில் பணியாற்றிய சிந்தாமணி ரகுநாதாச்சாரி 19ஆம் நூற்றாண்டிலேயே திருக்கணிதப் பஞ்சாங்கத்துக்காக வாதாடினார். 1952ல் இயற்பியலாளர் மேகநாத் சாகா தலைமையில் அமைந்த நாட்காட்டிச் சீர்திருத்தக் குழு 1955ல் அறிக்கை தந்தது. 1957 மார்ச் 22 முதல் தேசிய நாட்காட்டி வந்தது. அரசிதழில் சக ஆண்டு ஏறியது. கோயில் மதிற்சுவரைத் தாண்டவில்லை.

ஏன்? அறியாமை என்று சொல்லிவிடுவது சுலபம், போதாது. மாசி மகத்துக்கு வைத்திக்குப்பம் கடற்கரைக்கு மயிலம் முருகன் தொடங்கிப் பல ஊர்ச் சாமிகள் வருகிறார்கள். எல்லோரும் ஒரே நாளில் வந்து சேர வேண்டும். ஒருவர் மட்டும் சரியான கணக்குக்கு மாறினால் அவர் சாமி தனியாக நிற்கும். ஜாதகம், திவசத் திதி, ஜன்ம நட்சத்திரம் எல்லாம் பழைய கணக்கில் எழுதப்பட்டவை. பஞ்சாங்கத்துக்கு வானத்தோடு ஒத்துப்போவது ஒரு வேலை, ஊரோடு ஒத்துப்போவது இன்னொரு வேலை. வாக்கியத் தரப்பு இதை வேறு மாதிரி சொல்கிறது: கண்ணுக்குத் தெரிவது வேறு, கர்மத்துக்கு உரியது வேறு. அந்த வாதத்தில் ஓட்டை ஒன்று உண்டு. பழைய பாணிப் பஞ்சாங்கங்களே கிரகண நேரத்தை மட்டும் நவீனக் கணக்கிலிருந்து எடுத்துப் போடுவது வெகுநாள் வழக்கம். கிரகணத்தை ஊரே பார்க்கும். சனி ராசி மாறுவதை எவரும் வெறுங்கண்ணால் பார்த்துச் சொல்ல முடியாது. ஊர் சரிபார்க்கக்கூடிய இடத்தில் திருத்தம் சத்தமில்லாமல் நுழைந்துவிட்டது.

கருத்தரங்குக்கு நேரடிச் சான்று வேண்டுமானால், ஒரே ஆண்டின் வாக்கியப் பஞ்சாங்கம் ஒன்றும் திருக்கணிதப் பஞ்சாங்கம் ஒன்றும் வாங்குங்கள். ஒரு மாதத்துக்குத் திதி முடியும் நேரத்தை இரண்டிலிருந்தும் வரிசையாக எழுதிக் கழித்துப் பாருங்கள். நாழிகையில் இருந்தால் 24 நிமிடத்தால் பெருக்கி, உதய நேரத்தைக் கூட்ட மறக்காதீர்கள். பலரும் தடுக்கி விழும் இடம் அது. ஒரு மாதம் மட்டும் பார்த்தால் வித்தியாசம் சில சமயம் சிறிதாகத் தெரியும், ஏனென்றால் அந்த அஷ்டமியில் நிலவு தன் பாதையில் எங்கே இருக்கிறது என்பதைப் பொறுத்து அது மாறும். நாலைந்து மாத அஷ்டமிகளையும் பௌர்ணமிகளையும் தனித்தனியே வரைபடத்தில் போட்டுப் பாருங்கள்.